கோட்டுக்குக் கீழே பதினொரு வருடம்

கடிதத்தில் நான்கே நான்கு வரிகள் இருந்தன. ஒரு வரியில் மிரியத்தின் பெயர், ஒரு வரியில் அடையாள அட்டை இலக்கம். மிச்சம் இரண்டு வரிக்குள் அவளுடைய பதினொரு வருடத்தையும் அடக்கி முடித்திருந்தார்கள்.

'தாங்கள் சமர்ப்பித்த வரவுப் பதிவேட்டின் பிரகாரம், சகல நாட்களிலும் தாமதமாகவே சமுகமளித்துள்ளமையால் தங்களது தொண்டர் ஆசிரியர் சேவையை ஒழுங்கான சேவையாகக் கொள்ள முடியாதுள்ளது. ஆகவே தாங்கள் நியமனத்திற்குத் தகுதியற்றவர் என அறியத்தருகின்றேன்.'

கேற்றடியில் நின்றபடியே படித்தவளுக்கு முதலில் சிரிப்புத்தான் வந்தது. சகல நாட்களிலுமாம். கடிதத்தைக் கொண்டுபோய்ப் புருசனிடம் நீட்டினாள். ஜொனதன் சங்கக்கடை மனேச்சர். காலையில் கடை திறக்கப் புறப்பட்டு நின்றவன், சைக்கிளை மதிலில் சாய்த்துவிட்டு இரண்டு தரம் படித்தான்.

"ஒவ்வொரு நாளும் பிந்திப்போற ஆளைப் பதினொரு வருசம் ஆர் வைச்சிருப்பினம்? உதைக்கூட யோசிக்கமாட்டினமே?" என்றான். "அதுவும் ஒரு நாளைப்போல ஏழு முப்பத்தொண்டுக்கு. மணிக்கூட்டுக்கடைக்காரனாலையும் அப்பிடிப் பிந்த ஏலாது."

அப்போதுதான் மிரியத்துக்குக் கோபம் வந்தது. வந்த கோபம் பிறகு போகவேயில்லை.

ஏழு முப்பத்தொன்றின் கதை இதுதான். எங்கள் பள்ளிக்கூடங்களில் ஆசிரியர்கள் வந்தவுடன் அதிபரின் மேசையில் இருக்கும் வரவுப் பதிவேட்டில் நேரத்தை எழுதி ஒப்பமிடுவார்கள். ஏழரைக்கு மணி அடித்ததும் அதிபர் கடைசி ஒப்பத்துக்குக் கீழே சிவப்பு மையால் ஒரு கோடு கீறிவிடுவார். அதற்குப் பிறகு வருகிறவர்கள் கோட்டுக்குக் கீழேதான் ஒப்பமிடலாம். கீழே ஒப்பமிட்டவர் பிந்தி வந்தவர். நாடு முழுக்க இதுதான் வழக்கம்.

ஆனால் சண்டிலிப்பாய்க்கு மேற்கே இருந்த பூவோடை அமெரிக்க மிசன் தமிழ்க் கலவன் பாடசாலையில் இன்னொரு வழக்கமும் இருந்தது. அதை வைத்தவர் அதிபர் ஏர்னெஸ்ட். 2006 ஆவணியில் சண்டை மூண்டு தெற்கிலிருந்து வரும் பாதை பூட்டினபோது வெளியூர் ஆசிரியர்கள் சிலர் திரும்பி வரமுடியாமல் போக, கணக்குக்கும் விஞ்ஞானத்துக்கும் ஆள் இல்லாமல் வகுப்புகள் சும்மா கிடந்தன. அதிபர் ஊருக்குள் படித்த பிள்ளைகளைத் தேடிப் போய்க் கூப்பிட்டார். ஐப்பசியில் மிரியம் போனாள். பிறகு டினேசும் ஜெசிதாவும் வந்தார்கள். சம்பளமில்லை, தொண்டர் ஆசிரியர் என்று பெயர். எப்போதாவது நியமனம் கொடுத்தால் தொண்டர்களுக்குத்தான் முதலிடம் என்று எல்லோரும் சொன்னார்கள்.

முதல் நாள் மிரியம் ஏழு ஐந்துக்கே போய்ப் பேனையை எடுத்துக்கொண்டு பதிவேட்டடிக்குப் போனாள். ஏர்னெஸ்ட் சேர் பதிவேட்டின் மேல் கையை வைத்தார்.

"பொறும். கோடு கீறினாப்பிறகு நீர் ஒப்பமிடும்."

"நான் பிந்தேல்லையே சேர்?"

"பிந்தினதெண்டு ஆர் சொன்னது? மேலே ஒப்பமிடுறவைக்கு அரசாங்கம் நியமனம் தந்திருக்கு. உமக்கு நான் இடம் தந்திருக்கிறன். ரெண்டும் ஒண்டில்லை. எப்ப நியமனம் வருதோ அப்ப மேலே வாரும்."

அவர் கெட்ட எண்ணத்தில் சொல்லவில்லை. ஒழுங்கு என்றால் அவருக்கு உயிர். நியமனமில்லாத ஆளின் ஒப்பம் நியமனம் பெற்றவர்களின் ஒப்பத்தோடு கலந்தால் அரசாங்கப் பதிவேடு அசுத்தப்பட்டுவிடும் என்று நினைத்தார். அதனால் ஏழு ஐந்துக்கு வந்து, வகுப்புத் திறந்து, பிள்ளைகளை வரிசையில் விட்டு, காலைச் செபம் நடத்தி, மணி அடித்த பிறகு மூன்று பேரும் கந்தோர் வாசலில் வந்து நிற்பார்கள். சேர் அடிமட்டம் வைத்துக் கோட்டைக் கீறுவார். கீறி, மை காய ஊதிவிட்டுத் தலையை ஆட்டுவார். மூன்று பேரும் கீழே ஒப்பமிடுவார்கள். நேரம் எழுதுகிற இடத்தில் வந்த நேரத்தை எழுத விடமாட்டார். ஒப்பமிடுகிற நேரம் எதுவோ அதை எழுதவேண்டும். ஏழு முப்பத்தொன்று.

வேறு சில பள்ளிக்கூடங்களில் தொண்டர்களைப் பதிவேட்டுப் பக்கமே விடுவதில்லை, அப்பியாசக் கொப்பியில்தான் ஒப்பம் என்று கேள்விப்பட்டபோது மிரியம் தன்னுடைய இடத்தை நினைத்துக் கொஞ்சம் பெருமைகூடப் பட்டாள். இப்போது அதை நினைக்கத்தான் அவளுக்கு உடம்பெல்லாம் எரிந்தது.

2017 கடைசியில் ஏர்னெஸ்ட் சேர் ஓய்வு பெற்றார். புதிதாக வந்த அதிபர் தொண்டர்களை வைத்திருக்கப் பயந்து மூவரையும் நிற்பாட்டினார். ஒரு வருடம் கழித்துத் தொண்டர்களுக்கு நியமனம் என்று கல்வித் திணைக்களத்தின் அறிவித்தல் வந்தது. மூன்று வருடத்துக்குக் குறையாத ஒழுங்கான சேவை வேண்டும். நியமனத் திகதியில் வயது நாற்பத்தைந்தைத் தாண்டக்கூடாது. சேவைக் காலம் கூடினவருக்கு முதலிடம். மிரியத்துக்கு ஒக்ரோபர் பத்தொன்பதோடு நாற்பத்தைந்து முடிகிறது. இந்த முறை தவறினால் பிறகு அவளுக்கு அறிவித்தலே இல்லை.

நேர்முகத் தேர்வில் இராசநாயகம் என்ற அதிகாரிதான் பதிவேடுகளைப் புரட்டினார். நாலைந்து தாள் புரட்டியதும் கண்ணாடிக்கு மேலால் பார்த்தார்.

"ரீச்சருக்கு வீடு கனதூரமோ?"

"இல்லை சேர். அரைக் கட்டை."

"பிறகேன் ஒவ்வொரு நாளும் பிந்தி?"

அவள் வழக்கத்தை விளங்கப்படுத்தத் தொடங்கினாள். அவர் கையைக் காட்டி நிறுத்தினார். "கதை வேண்டாம் ரீச்சர். பதிவேட்டிலை என்ன கிடக்கோ அதுதான் எங்களுக்கு. அடுத்தாளைக் கூப்பிடுங்கோ."

அந்த அடுத்த ஆள் கோபிகா. மிரியத்திடம் ஏழாம் வகுப்பிலிருந்து கணக்குப் படித்த பிள்ளை. கரவெட்டிப் பக்கத்துப் பள்ளிக்கூடமொன்றில் நான்கு வருடம் தொண்டராக இருந்தவள். அங்கே இருந்த அதிபர் கோட்டுக்கு மேல் கீழ் பார்க்காதவர். அவளும் எல்லோரோடும் சேர்ந்து மேலே ஒப்பமிட்டிருந்தாள். அவளுக்கு நியமனம் கிடைத்தது. கோபிகாவில் மிரியத்துக்குக் கோபமில்லை. பிள்ளைக்குக் கிடைக்கவேண்டியதுதான். நான்கு வருடம் தகுதி, பதினொரு வருடம் தகுதியின்மை என்ற கணக்கைத்தான் அவளால் விளங்கிக்கொள்ள முடியவில்லை. பதினொரு வருடம் கணக்குப் படிப்பித்தவள் அல்லவா.

கடிதம் வந்த அன்று பின்னேரமே மேசையில் இருந்து எழுதத் தொடங்கினாள். திகதி, தன் இலக்கம், அவர்கள் இலக்கம், விடயம். கீழே ஒன்று, இரண்டு, மூன்று என்று இலக்கமிட்ட பந்திகள். மூன்றாம் பந்தியில் கேட்டாள்: 'ஒரே பாடசாலையில் மூன்று பேர், வேலை செய்த எல்லா நாட்களிலும், ஒரே நிமிடத்தில் பிந்தி வருவது எங்ஙனம் என்று தங்கள் குழு சிந்தித்ததா?' பதிவுத் தபாலில் அனுப்பினாள். மறுமொழி இல்லை. இரண்டாவதை அனுப்பினாள். ஐந்தாவதற்கு, 'தங்கள் கடிதம் கிடைக்கப்பெற்றது' என்று ஒரு வரி வந்தது. எட்டாவதற்கு அதுவும் இல்லை.

டினேஸ், ஜெசிதா இருவருக்கும் இதே கடிதம்தான் வந்திருந்தது. டினேஸ் கொழும்பில் வேலை தேடிப் போய்விட்டான். ஜெசிதா, "எங்கடை தலையெழுத்து அக்கா, விடுங்கோ" என்று அழுதாள்.

"தலையெழுத்தை எழுதினவர் மானிப்பாயிலை இருக்கிறார்," என்றாள் மிரியம். "நான் போய்க் கேக்கிறன்."

ஏர்னெஸ்ட் சேர் வீட்டு விறாந்தையில் கதிரை போட்டு வைத்து, கை நீட்டுச் சட்டைக்குப் பொத்தான் பூட்டிக்கொண்டு வந்து இருந்தார். கடிதத்தை வாங்கி ஆறுதலாகப் படித்தார்.

"சேர், நான் ஏழரைக்கு முதல் வாறனானோ இல்லையோ?"

"ஏழு அஞ்சுக்கு வருவீர். சில நாள் எனக்கு முதலே வந்து கேற்றடியிலை நிற்பீர்."

"அதை ஒரு கடிதமாய் எழுதித் தாங்கோ. அவ்வளவுதான் நான் கேக்கிறது."

"அது ஏலாது மிரியம்."

அவள் பிழையாகக் கேட்டுவிட்டோமோ என்று பார்த்தாள்.

"ஏழு முப்பத்தொண்டு எண்டது ஒப்பமிட்ட நேரம். அது சரியான நேரம். நான் பென்சன் எடுத்தாப்பிறகு அதுக்கொரு விளக்கம் எழுதினால், நான் வைச்ச பதிவேடு பிழை எண்டு நானே எழுதிக் குடுத்தமாதிரி. பத்தொன்பது வருசம் ஒரு வெட்டுக்கொத்து இல்லாமல் வைச்ச பதிவேடு."

"உங்கடை பதிவேட்டிலை வெட்டில்லைத்தான் சேர். எங்கள் மூண்டு பேரையும்தான் வெட்டியிருக்கினம்."

உள்ளே இருந்து அவருடைய மனைவி நேசமலரின் குரல் வந்தது. "இஞ்சருங்கோ, அந்தப் பிள்ளைக்கு எழுதிக் குடுங்கோவன். நாலு வரிதானே."

"நீர் அடுப்பைப் பாரும்," என்றார் சேர்.

"அடுப்பு எரியுது. நீங்கள்தான் நூந்துபோய் இருக்கிறியள்."

சேரின் முகம் சுருங்கியது. ஆனால் அசையவில்லை. மிரியம் எழும்பினாள். அவர் முன்னால் குரலை உயர்த்திக் கதைத்தது கிடையாது; அன்றைக்கும் உயரவில்லை.

"ஒண்டு மட்டும் சொல்லுங்கோ சேர். ஆரும் உங்களைக் கூப்பிட்டு வாயாலை கேட்டால் பொய் சொல்லுவியளோ?"

"என்ன கதை உது? ஆர் கேட்டாலும் உள்ளதைத்தான் சொல்லுவன். கேளாமல் எழுதித் தரமாட்டன்."

அந்தச் சொல்லைப் பிடித்துக்கொண்டுதான் அவள் சட்டத்தரணி செந்தூரனிடம் போனாள். இளம் பெடியன், வழக்குக் கோவையைவிட அவளுடைய கடிதக் கோவை தடிப்பாக இருப்பதைப் பார்த்துச் சிரித்தான். "அக்கா, நீங்கள் எனக்கு வேலை ஒண்டும் மிச்சம் வைக்கேல்லை. இலக்கம் போட்டு எல்லாம் எழுதியிருக்கிறியள்."

மாகாண மேல் நீதிமன்றத்தில் மனுப் போட்டார்கள். ஆவணியில் எடுத்தபோது, மிரியத்தை நேரில் அழைத்து விசாரித்துத் திரும்பத் தீர்மானிப்பதாகத் திணைக்களத்தின் பக்கத்தில் ஒத்துக்கொண்டார்கள். அதன்படி ஒரு மாதத்துக்குள் விசாரிக்கும்படி கட்டளை வந்தது. அன்றைக்கே மிரியம் பதினேழாவது கடிதத்தை எழுதினாள். அதில் ஒரே ஒரு பந்தி: விசாரணைக்கு முன்னாள் அதிபர் ஏர்னெஸ்ட் அவர்களையும் அழைத்துக் கேட்கவேண்டும்.

விசாரணை செப்டெம்பர் பன்னிரண்டாம் திகதி, திணைக்களக் கந்தோரின் மேல்மாடியில். செந்தூரனை உள்ளே விடவில்லை, சட்டத்தரணிகளுக்கு இடமில்லையாம். உள்ளே மேசைக்கு அந்தப் பக்கம் மூன்று பேர் இருந்தார்கள். தலைவர் தியாகலிங்கம் என்கிறவர் புதியவர். அவருக்கு வலப்பக்கத்தில் இராசநாயகம் இருந்தார். தான் கொடுத்த தீர்ப்பு சரியோ பிழையோ என்று விசாரிக்க அவரே வந்து இருக்கிறார். இடப்பக்கத்தில் குறிப்பெடுக்க ஒரு பெண். மேசையில் பூவோடைப் பள்ளிக்கூடத்தின் பதிவேடுகள் அடுக்கியிருந்தன.

தியாகலிங்கம் நல்ல மனிதர்போலக் கதைத்தார்.

"ரீச்சர், நாங்கள் உங்களுக்கு எதிரான ஆக்கள் இல்லை. உங்கடை வயசும் தெரியும், ஒக்ரோபரும் தெரியும். ஏன் வீணாய் இழுபடுவான்? ஒரு கடிதம் எழுதித் தாங்கோ. குடும்பச் சூழ்நிலையாலை பிந்தி வந்தனான், கருணை அடிப்படையிலை அதைப் பாராமல் விடச்சொல்லி. இண்டைக்கே நாங்கள் சிபார்சு செய்யிறம்."

"நான் பிந்தி வரேல்லை சேர்."

"அது எங்களுக்கும் விளங்குது. ஒரு கடிதம்தானே. கால் மணித்தியாலம் வெளியிலை போய் யோசிச்சிட்டு வாங்கோ."

அது எங்களுக்கும் விளங்குது என்று அவர் சொன்னது மிரியத்தின் காதில் ஏறி நின்றது. விளங்கிக்கொண்டுதான் எழுதச் சொல்கிறார்கள்.

வெளியே ஜொனதனும் செந்தூரனும் நின்றார்கள். வாங்கின் ஒரு ஓரத்தில் ஏர்னெஸ்ட் சேர், அழைப்புக் கடிதத்தை மடியில் வைத்துக்கொண்டு நிமிர்ந்து இருந்தார். மிரியம் நடந்ததைச் சொன்னாள்.

"எழுதிக் குடும் மிரியம்," என்றான் ஜொனதன். "முப்பத்தேழு நாள்தான் கிடக்கு. அந்தாள் வலியக் கேக்குது. கையிலை வாறதைத் தட்டிவிட்டால் பேந்து ஆரிட்டைப் போறது? பிந்தினது எண்டு எழுதினால் உமக்கென்ன கால் முறியப்போகுதே?"

அவன் சொன்னது பிழையில்லை. நாற்பத்தைந்து முடிந்தபிறகு எந்த நீதிமன்றம் எதைச் சொல்லி என்ன? அவள் கடதாசியைக் கோவையின் மேல் வைத்து, திகதி எழுதினாள். விடயம் எழுதினாள். 'மேற்படி காலப்பகுதியில் குடும்பச் சூழ்நிலை காரணமாக நான்' என்று எழுதினாள். அதற்கு மேல் பேனை போகவில்லை. எழுத்தும் கடிதமும் அவளுக்குத் தண்ணீர்பட்ட பாடு. ஆனால் அந்தச் சொல்லை எழுதக் கை ஒத்துக்கொள்ளவில்லை.

"செந்தூரன், நான் பிந்தினது எண்டு எழுதினால் டினேசுக்கும் ஜெசிதாவுக்கும் என்ன நடக்கும்?"

செந்தூரன் கொஞ்சம் யோசித்தான். "மூண்டு பேருக்கும் ஒரே நிமிசம்தானே அக்கா. உங்கடை கடிதத்தைக் காட்டி அவையளையும் பிந்தினவை எண்டு முடிச்சிடுவினம்."

"அப்ப அவையளைக் கேளாமல் நான் எப்பிடி எழுதுறது?" என்று கடதாசியைக் கிழித்தாள். ஜொனதன் தலையில் கையை வைத்துக்கொண்டு யன்னல் பக்கம் போனான்.

உள்ளே போய், "எழுதேலாது சேர். ஏர்னெஸ்ட் சேரைக் கூப்பிட்டுக் கேளுங்கோ," என்றாள்.

ஏர்னெஸ்ட் சேர் வந்து நின்றார். இருக்கச் சொல்ல யாருக்கும் தோன்றவில்லை. மிரியம்தான் தன் கதிரையை இழுத்துவிட்டாள். அவர் இருக்கவில்லை.

"இவ பள்ளிக்கூடத்துக்குப் பிந்தி வாறவவோ?" என்று தியாகலிங்கம் கேட்டார்.

"இல்லை. ஏழு ஏழேகாலுக்கு முதல் வந்திடுவா. லீவெடுத்தால் முதல்நாளே கடிதம் தருவா."

"அப்ப ஏன் கோட்டுக்குக் கீழே ஒப்பம்?"

"நான் சொன்னதாலை."

"எந்தச் சுற்றுநிருபப்படி?"

"சுற்றுநிருபம் இல்லை. நான் வைச்ச ஒழுங்கு. நியமனம் இல்லாத ஆக்கள் நியமனம் உள்ளவையோடை கலக்கக்கூடாது எண்டு."

இராசநாயகம் முன்னுக்குக் குனிந்தார். அந்த நேரத்துக்காகவே காத்திருந்தவர்போல இருந்தது அவர் முகம்.

"மாஸ்ரர், பிந்தாத ஆளைப் பிந்தினதெண்டு காட்டியிருக்கிறியள். அப்ப பதிவேடு பொய்ப் பதிவேடு. அப்பிடித்தானே?"

ஏர்னெஸ்ட் சேர் மேசையில் கிடந்த பதிவேட்டைப் பார்த்தார். அதன் முதுகில் அவர் கையாலேயே ஒட்டிய வெள்ளைத் துண்டில் வருடம் எழுதியிருந்தது.

"நான் ஒரு பொய்யும் எழுதேல்லை," என்றார் கடைசியில், மெல்ல. "ஆனால் இவ பிந்தேல்லை."

"ரெண்டும் சரிவராது. எழுதுங்கோ பிள்ளை," என்று இராசநாயகம் குறிப்பெடுக்கிற பெண்ணிடம் சொன்னார். "பதிவேடு ஒழுங்கீனமானது என்று முன்னாள் அதிபரே ஒத்துக்கொண்டார். ஒழுங்கீனமான பதிவேட்டைச் சேவைக்கு ஆதாரமாய் எடுக்க ஏலாது." பிறகு மிரியத்தைப் பார்த்தார். "வேறை ஏதும் ஆதாரம் இருக்கோ ரீச்சர்?"

மிரியத்துக்கு ஒரு கணம் ஒன்றும் விளங்கவில்லை. பிறகுதான் விளங்கியது. பதிவேடு உண்மை என்றால் அவள் பிந்தினவள். பதிவேடு பொய் என்றால் அவள் பள்ளிக்கூடத்துக்குப் போனதற்கே அத்தாட்சி இல்லை. இந்தப் பக்கத்தாலும் கதவு பூட்டு, அந்தப் பக்கத்தாலும் பூட்டு. பூட்டிவிட்டு, ஏன் இன்னும் உள்ளுக்கு வரவில்லை என்று கேட்கிறார்கள்.

"ஒரு கேள்வி கேக்கலாமோ சேர்?" என்றாள் தலைவரைப் பார்த்து.

"கேளுங்கோ."

"இந்தப் பதிவேடு செல்லாதெண்டால் முழுக்கச் செல்லக்கூடாது. கோட்டுக்கு மேலே ஒன்பது பேர் ஒப்பமிட்டிருக்கினம். அவையின்ரை சம்பள ஏற்றம், தர உயர்வு, பென்சன் எல்லாம் உந்தப் பதிவேட்டை வைச்சுத்தானே குடுத்தனீங்கள்? அந்த ஒன்பது பேருக்கும் எப்ப கடிதம் போடப்போறியள்?"

மிரியம் மேசையில் இருந்த பதிவேட்டைக் காட்டினாள்.

"ஒரே கடதாசி சேர். ஒரே நாள், ஒரே அதிபர். மேல்பாதி உண்மை, கீழ்ப்பாதி பொய் எண்டால் அது எந்தச் சுற்றுநிருபத்திலை கிடக்கு? இலக்கத்தைச் சொல்லுங்கோ, நான் எழுதிக்கொண்டு போறன்." கோவையைத் திறந்து பேனையை எடுத்தாள். வேணுமென்று செய்யவில்லை, கைப்பழக்கம்.

"ரீச்சர் சட்டம் கதைக்கிறா," என்றார் இராசநாயகம்.

"நான் கணக்குப் படிப்பிச்சனான் சேர். கோடு கீறினாப்பிறகும் கடதாசி ஒண்டுதான்."

குறிப்பெடுக்கிற பெண் நிமிர்ந்து, "சேர், உதையும் எழுதவோ?" என்று கேட்டாள்.

"எழுதாமல்?" என்றாள் மிரியம், கேட்டது தன்னையல்ல என்றாலும். "நீதிமன்றத்துக்கு அனுப்பவேண்டிய குறிப்பு. நான் சொன்னது விட்டுப்போனால் திரும்பவும் நான் கடிதம் எழுதவேண்டி வரும்."

தியாகலிங்கம் பதிவேட்டை மூடினார். மூடினவர், திரும்பத் திறந்து, கோட்டுக்கு மேலே இருந்த பெயர்களை விரலால் ஒவ்வொன்றாகத் தொட்டுக்கொண்டு போனார். பிறகு, "எழுதுங்கோ," என்றார் அந்தப் பெண்ணிடம். மிரியத்திடம், "முடிவை அறிவிக்கிறம்," என்றார். இந்த முறை கருணையைப் பற்றி ஒன்றும் சொல்லவில்லை.

படியிறங்கும்போது ஏர்னெஸ்ட் சேர் கைபிடியைப் பிடித்துக்கொண்டு நின்றார். அவருடைய காது இரண்டும் சிவந்திருந்தன.

"பொய்ப் பதிவேடாம். உமக்கு முன்னாலை வைச்சு, நிக்கவைச்சுக் கேட்டவங்கள். என்னை அந்த இடத்துக்கு இழுத்தது நீர்."

வேறொரு நாளென்றால் மிரியம் மன்னிப்புக் கேட்டிருப்பாள். அன்று கேட்கவில்லை.

"உங்களை அரை மணித்தியாலம் நிக்கவைச்சினம் சேர். நாங்கள் மூண்டு பேரும் உங்கடை கந்தோர் வாசல்லை எத்தனை வருசம் நிண்டனாங்கள்?"

"உது மரியாதைக்குறைவு எண்டு அண்டைக்கே சொல்லியிருக்கலாமே?"

"கேட்டனான். முதல் நாளே கேட்டனான். நீங்கள் சொன்ன மறுமொழியை இப்பவும் பாடமாய்ச் சொல்லுவன். சொல்லவோ?"

அவர் வேண்டாம் என்று கையை அசைத்தார். கீழே போய் ஸ்கூட்டரில் ஏறி, ஹெல்மெட்டின் வாரைப் பூட்ட முடியாமல் கொஞ்ச நேரம் தடவினார். ஜொனதன் போய்ப் பூட்டிவிட்டான். அவர் திரும்பிப் பார்க்காமல் போனார். மிரியத்துக்குப் பாவமாக இருந்தது. கோபமும் அப்படியே இருந்தது. இரண்டும் ஒன்றையொன்று குறைக்கவில்லை.

ஒக்ரோபர் எட்டாம் திகதி நியமனக் கடிதம் வந்தது. வன்னியில், இரண்டு பஸ் மாறிப் போகவேண்டிய ஒரு பள்ளிக்கூடம். பதினைந்தாம் திகதி கடமையேற்க வேண்டும். ஜொனதன் சங்கக்கடையைப் பாதியில் விட்டுவிட்டு ஓடிவந்தான். ஜெசிதா தொலைபேசியில் அழுதாள். இந்த முறை வேறு அழுகை. "எங்களுக்கும் வரும் என்ன அக்கா? உங்களுக்குத் தந்தால் எங்களுக்கும் தரத்தானே வேணும்?"

மிரியம் கடிதத்தை இன்னொரு தரம் படித்தாள். முதல் பந்தியின் நடுவில் அது இருந்தது: 'விசேட சலுகையின் அடிப்படையில் தங்களுக்கு வழங்கப்படும் இந்நியமனம் ஏனையோருக்கு முன்னுதாரணமாகக் கொள்ளப்படலாகாது.' பதினொரு வருடச் சேவை கணக்கெடுக்கப்பட்டதா இல்லையா என்பது பற்றி ஒரு சொல்லும் இல்லை. கோடு எப்படி வந்தது, யார் பிழை, யார் சரி, ஒன்றுமில்லை. அவளை மட்டும் வாசலால் உள்ளே எடுத்துவிட்டு மற்ற இருவரையும் வெளியே விட்டுக் கதவைச் சாத்தியிருந்தார்கள்.

"ஜெசிதா, உனக்கு வராது," என்றாள். "இதிலை அப்பிடித்தான் எழுதிக் கிடக்கு. நீ டினேசின்ரை நம்பரைத் தா."

பின்னேரம் மேசையில் இருந்து இரண்டு கடிதம் எழுதினாள். ஒன்று நியமனத்தை ஏற்றுக்கொள்கிறேன், குறித்த திகதியில் கடமையேற்பேன் என்று. மற்றதில் ஐந்து பந்தி. சலுகை என்ற சொல்லை நீக்கவேண்டும். விசாரணைக் குறிப்பின் பிரதி வேண்டும். தன் சேவைக் காலம் பதினொரு வருடம் என்று எழுத்தில் தரவேண்டும். அதே பதிவேட்டின் அதே பக்கங்களில் ஒப்பமிட்ட மற்ற இருவரின் விண்ணப்பங்களையும் திரும்ப எடுக்கவேண்டும். முப்பது நாளுக்குள் மறுமொழி இல்லையெனில் நீதிமன்றத்தில் தெரிவிக்க நேரும்.

ஜொனதன் தோளுக்கு மேலால் படித்தான். "உமக்கு விசர் மிரியம். வேலை கையிலை வந்தாப்பிறகும் சண்டையே? பேந்து உந்தச் சலுகையையும் பறிச்சுப்போடுவாங்கள்."

"பறிக்கட்டும். பறிக்கிறதுக்கும் காரணம் எழுதவேணுமே. அதையாவது எழுதட்டும்."

"உது எத்தனையாவது?"

"பத்தொன்பது."

அவன் பெருமூச்சு விட்டான். பிறகு சைக்கிளை எடுத்தான். "நாலரைக்குத் தபாற்கந்தோர் பூட்டிடும். தாரும், நான் போட்டுக்கொண்டு வாறன். ரெண்டையும் ஒரே கடித உறையிலை போடவோ?"

"வேண்டாம். தனித்தனியாய். பதிவுத் துண்டு ரெண்டும் கவனம்."

பதினைந்தாம் திகதி விடிய முதல் பஸ்ஸில் போய் மிரியம் கடமையேற்றாள். எட்டாம் வகுப்புக்குக் கணக்கு. பிள்ளைகள் இரண்டு தவணையாக ஆசிரியர் இல்லாமல் இருந்திருந்தார்கள், பின்னக் கணக்கே பலருக்கு வராது. சனி, ஞாயிறில் மட்டும் வீட்டுக்கு வந்தாள். முப்பது நாள் பார்த்தாள். மறுமொழி வரவில்லை. முப்பத்தோராம் நாள், விடுதி அறையில் பிள்ளைகளின் கொப்பிகளை ஒருபக்கம் ஒதுக்கி வைத்துவிட்டு, திகதியும் இலக்கமும் இட்டு, இருபதாவதை எழுதத் தொடங்கினாள்.